முனையில் ஓர் ஊர், வழியில் ஓர் ஊர்

1964 டிசம்பர் புயலில் பாம்பன் ரயில் பாலத்தின் கர்டர்களில் நூற்றுக்கும் மேற்பட்டவை கடலுக்குள் போய்விட்டன. சரிசெய்ய ஆறு மாதம் ஆகும் என்று ரயில்வே கணக்குப் போட்டது. அப்போது 32 வயது எஞ்சினியராக இருந்த இ. ஸ்ரீதரன், விழுந்து கிடந்த கர்டர்களைக் கடலடியிலிருந்தே தூக்கியெடுத்து மறுபடி பொருத்தி, 46 நாளில் வேலையை முடித்தார். 1983 ஏப்ரலில் அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் ஒரு மலைச்சரிவு, டென்வருக்கும் சால்ட் லேக் சிட்டிக்கும் நடுவே ஓடும் ரயில் பாதையை மூடிவிட்டது. ரயில் கம்பெனி பக்கத்து மலையைக் குடைந்து, மூன்று மாதம் முடியும் முன்பே சுரங்கத்தின் வழியாக வண்டியை ஓட்டிவிட்டது.

ரயில்வேக்காரர்கள் இந்த இரண்டு வேலைகளையும் இன்றுவரை பெருமையாகச் சொல்கிறார்கள். சொல்லவேண்டியதுதான். ஆனால் பாம்பன் பாலத்துக்கு அந்தப் பக்கம் தனுஷ்கோடி என்று ஓர் ஊர் இருந்தது. யூட்டாவில் மண் சரிந்த இடத்துக்குச் சற்று மேலே, ஸ்பானிஷ் ஃபோர்க் பள்ளத்தாக்கில், திசில் என்று ஓர் ஊர் இருந்தது. இரண்டு ஊரும் ரயிலால் பெருத்தவை. இரண்டும் இயற்கையின் ஒரே அடியில் விழுந்தவை. ரயில் ஒரு வாரமும் வீணாக்காமல் எழுந்து நடந்தது. ஊர்களைத் தூக்கிவிட யாரும் வரவில்லை.

தனுஷ்கோடி என்றால் நமக்குப் புயல். திசில் என்றால் அமெரிக்கர்களுக்கு மண்சரிவு. அந்நாட்டின் மண்சரிவுகளிலேயே அதிகச் செலவு வைத்தது என்று நிலவியல் பாடத்தில் படிப்பார்கள். புயலோடும் சரிவோடும் கதையை முடித்துவிட்டால் முக்கியமான கேள்வி விட்டுப்போகிறது. புயலில் சிதைந்த பட்டினங்கள் எத்தனையோ திரும்ப எழுந்திருக்கின்றன. இவை ஏன் எழவில்லை? இரண்டு ஊரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் விடை ஓரளவு தெரிகிறது. ரயில் எதற்காக அங்கே நின்றது, எப்போது நிற்கவேண்டிய தேவை இல்லாமல் போனது என்று பார்த்தால் போதும்.

ரயில் நின்றே ஆகவேண்டிய இடத்தில்தான் ரயில் ஊர் பிறக்கும். திசிலில் ரயிலை நிறுத்தியது மலை. 1870களின் கடைசியில் ஸ்பிரிங்வில் ஊர் வியாபாரி மைலன் பேக்கர்ட் என்பவர், மலைக்கு அப்பால் கிடந்த நிலக்கரியைக் கீழே கொண்டுவரச் சின்னப் பாதை ஒன்று போட்டார். கையில் ரொக்கம் குறைவு. கடையில் துணி நிறைய இருந்தது. கூலிக்குப் பதில் துணி கொடுத்து வேலை வாங்கினார். அதனால் அதற்குத் துணிப்பாதை என்று கேலிப்பெயரே வந்துவிட்டது. 1882இல் டென்வர் அண்ட் ரியோ கிராண்ட் கம்பெனியின் கைக்குப் போனபிறகு அந்தத் துணிப்பாதை பெரிய பாதை ஆயிற்று. 1883இல் டென்வரிலிருந்து சால்ட் லேக் சிட்டி வரை ரயில் ஓடத் தொடங்கியது. நடுவில் சோல்ஜர் சம்மிட் என்ற கணவாய், கடல் மட்டத்திலிருந்து 2,270 மீட்டருக்கு மேல். திசில் அதன் மேற்கு அடிவாரத்தில், சுமார் 1,500 மீட்டர் உயரத்தில். ஏற்றம் தொடக்கத்தில் நூறு அடிக்கு நாலு அடி. இரும்புச் சக்கரத்துக்கும் இரும்புத் தண்டவாளத்துக்கும் அது ரொம்ப அதிகம். ஓர் எஞ்சினால் இழுக்க முடியாது.

ஆகவே சரக்கு வண்டி திசிலில் வந்து நிற்கும். நம்மூர் மலைப்பாதை ரயில்காரர்கள் பேங்கர் என்று சொல்கிற துணை எஞ்சினைப் பின்னால் கோர்ப்பார்கள். முன்னால் இருப்பவர் விசில் கொடுக்க, பின்னால் இருப்பவர் பதில் விசில் கொடுக்க, இரண்டு டிரைவர்களும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமலே ஒரே சமயத்தில் நீராவியைத் திறந்துவிட வேண்டும். சக்கரம் வழுக்கினால் தண்டவாளத்தில் மணல் தூவ வேண்டும். உச்சி வந்ததும் துணை எஞ்சின் கழன்றுகொண்டு தனியாகக் கீழே இறங்கிவரும். வந்தவுடன் சாம்பலைத் தட்ட வேண்டும், கரி ஏற்ற வேண்டும், தண்ணீர் பிடிக்க வேண்டும், குறித்த நாள் வந்தால் பாயிலரைக் கழுவ வேண்டும். ஒவ்வோர் எஞ்சினுக்கும் ஒரு டிரைவர், ஒரு ஃபயர்மேன். ஷெட்டில் ஃபிட்டர்கள், கரி அள்ளுகிறவர்கள், பாதையைப் பார்த்துக்கொள்ளும் கேங் ஆட்கள். இவர்கள் குடும்பத்துக்கு வீடு, கடை, பள்ளிக்கூடம், முடிவெட்டுகிற இடம், சாராயக்கடை. உணவுப் பெட்டி இல்லாத ஆரம்ப காலத்தில் பயணிகளும் இங்கேதான் இறங்கிச் சாப்பிட்டார்கள். தெற்கே மேரிஸ்வேலுக்குப் போகும் கிளைப்பாதையும் இங்கேயே பிரிந்தது. 1917 வாக்கில் ஊரில் சுமார் 600 பேர். அதுதான் உச்சம்.

தனுஷ்கோடியில் ரயிலை நிறுத்தியது கடல். கொழும்புக்கு முதலில் தூத்துக்குடி வழியாகத்தான் கப்பல் போனது. நீண்ட கடல், அலைச்சல். ராமேசுவரம் தீவின் தென்கிழக்கு முனையிலிருந்து தலைமன்னார் கூப்பிடு தூரம் மாதிரி. தென்னிந்திய ரயில்வே கம்பெனிக்கு அந்த மணல் முனைமேல் கண் விழுந்தது. ராமர் பாலத்தின் மேலேயே தண்டவாளம் போட்டு இலங்கைக்கு ரயிலை ஓட்டிவிடலாம் என்றுகூட ஒரு யோசனை இருந்தது. அது ஏட்டோடு நின்றது. கடைசியில் பாம்பன் கால்வாய்க்கு இரண்டு கிலோமீட்டர் நீளத்தில் பாலம் கட்டி, நடுவே கப்பல் போகத் திறந்துமூடும் ஷெர்சர் தூக்குப்பகுதியை வைத்து, 1914 பிப்ரவரியில் திறந்தார்கள். மார்ச் முதல் தேதி இந்தியா–இலங்கைச் சேவை தொடங்கியது. சென்னையில் ஏறினால் தனுஷ்கோடி; அங்கே கப்பல்; தலைமன்னாரில் இறங்கினால் கொழும்புக்கு ரயில். மொத்தப் பயணத்துக்கும் ஒரே டிக்கெட். போட் மெயில் என்று அதற்குப் பெயர் வந்தது. இன்றைக்கும் ராமேசுவரம் வண்டியைப் பழைய ஆட்கள் அப்படித்தான் சொல்கிறார்கள்.

ஒரு விவரத்தைக் கவனிக்க வேண்டும், பின்னால் இதற்கு வேலை இருக்கிறது. பாம்பனில் பாதை இரண்டாகப் பிரிந்தது. சுமார் 10 கிலோமீட்டரில் ராமேசுவரம். சுமார் 24 கிலோமீட்டரில் தனுஷ்கோடி. பெரிய கோயில் இருந்த ராமேசுவரம் கிளைப்பாதை. மணல்மேடு தனுஷ்கோடி பிரதான பாதை. இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் ராமேசுவரத்தில் வண்டி நிற்பதை நிறுத்திவிட்டபோது, செய்தித்தாள் கட்டுகளை ராமேசுவரத்துக்கும் தனுஷ்கோடிக்கும் நடுவே ஓடும் வண்டியிலிருந்து வீசினார்கள். அவற்றைப் பொறுக்கிச் சேர்த்த சிறுவன்தான் அப்துல் கலாம். தம் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். ராமநாதசுவாமி ஊரைத் தாண்டிக்கொண்டு ரயில் தனுஷ்கோடிக்கு ஓடியது என்றால், அந்த முனைக்கு அன்றைக்கு இருந்த மவுசு எத்தகையது என்று புரியும்.

திசிலில் வண்டி நின்றாலும் அதே வண்டிதான் மேலே போனது. தனுஷ்கோடியில் எல்லாமே கைமாற வேண்டும். பெட்டி படுக்கை, தபால் மூட்டை, சரக்கு, மனிதர்கள் எல்லாம் ரயிலிலிருந்து கப்பலுக்கு. சுங்கக்காரர் திறந்து பார்ப்பார். மருத்துவர் நாடி பார்ப்பார். கூலிக்கு ஆள், காப்பிக்கடை, துறைமுக ஆபீஸ், தபால் தந்தி ஆபீஸ், ரயில்வே ஆஸ்பத்திரி, மாதா கோயில், பள்ளிக்கூடம் என்று ஊர் விரிந்ததற்கு இதுவே காரணம். திசில் எஞ்சினைப் பார்த்துப் பிழைத்த ஊர். தனுஷ்கோடி பயணியைப் பார்த்துப் பிழைத்த ஊர்.

இன்னொரு வித்தியாசமும் உண்டு. ரயிலுக்கு முன்னால் திசில் பக்கத்தில் சில பண்ணைக் குடும்பங்கள்தான். தனுஷ்கோடியில் ரயிலுக்கு எவ்வளவோ முன்பிருந்தே மீனவர்கள் இருந்தார்கள், சேதுவில் முழுக்குப் போட வருகிற யாத்திரீகர்கள் இருந்தார்கள், அவர்கள் தங்கச் சத்திரங்கள் இருந்தன. கலாமின் தந்தை ராமேசுவரத்திலிருந்து தனுஷ்கோடிக்கு யாத்திரீகர்களைப் படகில் ஏற்றிப்போனவர்தான். ரயில் இந்த ஊரை உண்டாக்கவில்லை, ஊதிப் பெருக்கியது.

இனி தேய்ந்த கதை. இதைத்தான் இரண்டு ஊரைப் பற்றியும் யாரும் விரிவாகச் சொல்வதில்லை. வெள்ளமும் புயலும் சொல்வதற்குச் சுவையான விஷயங்கள் அல்லவா.

திசிலின் தேய்மானம் முன்னேற்றம் என்ற பெயரில் வந்தது. 1913இலேயே கம்பெனி மலையைச் சுற்றி வளைவுகள் போட்டுப் பாதையை நீட்டி, ஏற்றத்தின் செங்குத்தைப் பாதிக்குக் குறைத்துவிட்டது. துணை எஞ்சினின் தேவை குறைந்தது, போகவில்லை. உணவுப் பெட்டி வந்ததும் சாப்பாட்டுக் கூட்டம் போயிற்று. பெரிய அடி 1950களில். டீசல் எஞ்சினுக்குத் தண்ணீர்த்தொட்டி வேண்டாம், சாம்பல் குழி வேண்டாம், பாயிலர் கழுவ வேண்டாம். இதைவிட முக்கியம், நாலைந்து எஞ்சினைக் கோர்த்து ஒரே டிரைவர் முன்னாலிருந்து ஓட்டிவிடலாம். நீராவிக் காலத்தில் ஒவ்வோர் எஞ்சினும் தன் ஆட்களைக் கூடவே கொண்டுவந்தது. டீசல் அவர்களை ஒரே அறைக்குள் அடக்கிவிட்டது. ரயில் போக்குவரத்து குறையவே இல்லை. சொல்லப்போனால் வண்டிகள் நீண்டன. ஆட்கள்தான் குறைந்தார்கள். கடை ஒவ்வொன்றாக மூடியது. இளசுகள் கீழே இருந்த நகரங்களுக்குப் போனார்கள். 1983இல் சரிவு வந்தபோது எஞ்சியிருந்தது ஒரு சில குடும்பங்கள் மட்டும். மலையின் மறுபக்கம் ஹெல்பர் என்று ஓர் ஊர் இருக்கிறது. துணை எஞ்சின்கள் கூடிய ஊர் என்பதால் வந்த பெயர். அதைச் சுற்றி நிலக்கரிச் சுரங்கங்கள் இருந்ததால் அது பிழைத்துக்கொண்டது. திசிலுக்கு எஞ்சினைத் தவிர வேறு கதி இல்லை.

தனுஷ்கோடியைத் தேய்த்தது எந்திரமல்ல, எல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் தோட்டக்கூலிகளாகப் போன நம் மக்கள் மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டுவழியே கண்டிச் சீமைக்கு நடந்தார்கள். வழியில் செத்தவர்கள் கணக்கில்லை. ரயிலும் கப்பலும் வந்தபிறகு மண்டபம் முகாமில் மருந்தும் தடுப்பூசியும் போட்டு, தனுஷ்கோடி வழியாக ஏற்றி அனுப்பினார்கள். போட் மெயிலை மேல்வகுப்புக் கனவான்களின் வண்டியாகச் சித்திரிப்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள். அந்த முனையில் கூட்டத்தைக் கூட்டியவர்களில் பெரும்பாலோர் துணிமூட்டையோடு தேயிலைக்கும் ரப்பருக்கும் போனவர்கள்.

1939இல் இந்திய அரசு இலங்கைக்குத் தோட்டக்கூலிகள் போவதைத் தடைசெய்தது. 1947 டிசம்பரில் ஏர் சிலோன் தன் முதல் பயணத்தையே சென்னைக்குத்தான் வைத்தது. வசதியுள்ளவர்களுக்குக் கப்பல் இரண்டாம் பட்சம் ஆனது. 1948இல் வந்த இலங்கைக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழர்களில் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கியது. பாஸ்போர்ட், விசா எல்லாம் வந்து சேர்ந்தன. முன்பு ஊர்த் திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் சாதாரணமாக வந்துபோனவர்கள் இப்போது ஒருமுறை வந்தால் திரும்பப் போக முடியுமா என்று யோசித்தார்கள். புயலுக்கு இரண்டு மாதம்கூட இல்லாத நேரத்தில், 1964 அக்டோபர் 30 அன்று, சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும் என்று தலைகளைப் பிரித்துக்கொண்டார்கள். தனுஷ்கோடியின் கடல்வழிக்கு இனி இருக்கப்போகும் முக்கிய வேலை என்ன என்பதை அந்தக் காகிதம் சொல்லிவிட்டது: விரும்பியும் விரும்பாமலும் வருகிறவர்களை இறக்குவது. அந்த வேலை தொடங்கு முன்பே ஊர் போய்விட்டது. அவர்கள் ராமேசுவரத்தில் வந்து இறங்கினார்கள்.

இந்த இடத்தில் ஒப்புமையை இழுத்துப் பிடிக்கக் கூடாது. திசில் ஏற்கெனவே பாதி உயிராகக் கிடந்தது. தனுஷ்கோடி அப்படி அல்ல. 1964 டிசம்பரில் அங்கே போட் மெயில் வந்துகொண்டுதான் இருந்தது, கப்பல் போய்க்கொண்டுதான் இருந்தது, பள்ளிக்கூட மணி அடித்துக்கொண்டுதான் இருந்தது. அதன் எதிர்காலம் குறுகியிருந்தது என்று இப்போது நாம் சொல்லலாம். அன்று படுக்கப்போனவர்களுக்கு அது தெரியாது.

டிசம்பர் 22 இரவு என்ன நடந்தது என்பது தமிழர்களுக்குப் புதிதல்ல. அந்தமான் பக்கம் உருவான புயல் வவுனியாவைக் கடந்து வந்து நள்ளிரவில் முனையை அறைந்தது. அலை ஏழு மீட்டர் எழுந்ததாக மதிப்பிட்டார்கள். பாம்பனிலிருந்து நள்ளிரவுக்குச் சற்று முன் கிளம்பிய 653ஆம் எண் பாசஞ்சர், தனுஷ்கோடிக்குச் சில நூறு கெஜம் இருக்கும்போது சிக்னல் கிடைக்காமல் நின்றது. கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டு, டிரைவர் நீளமாக விசில் கொடுத்து நகர்த்தினார் என்பார்கள். கடல் வண்டியை மொத்தமாக எடுத்துக்கொண்டது. 110 பயணிகள், 5 ஊழியர்கள் என்பது டிக்கெட் கணக்கு. டிக்கெட் இல்லாமல் ஏறியவர்கள் எந்தக் கணக்கிலும் இல்லை. செய்தி வெளியே வரவே இரண்டு நாள் ஆனது. தீவிலும் சுற்றுவட்டாரத்திலும் மொத்தச் சாவு சுமார் 1,800 என்று சொல்கிறார்கள். அந்த இரவைப் பற்றிப் பேச்செடுத்தால் ஜெமினி கணேசனும் சாவித்திரியும் ராமேசுவரத்தில் தங்கித் தப்பித்த கதையைத்தான் முதலில் சொல்வோம். ரயிலில் போனவர்களில் ஒருவர் பெயரைக் கேட்டால் சொல்லத் தெரியாது.

திசிலில் யாரும் சாகவில்லை. அங்கே அழிவு நிதானமாக வந்தது. 1982 இலையுதிர் காலத்தில் கடும் மழை, அதன்மேல் வழக்கத்தை மீறிய பனி. வசந்தத்தில் எல்லாம் ஒருசேர உருகியது. அந்த மலைச்சரிவு பழைய சரிவு. அவ்வப்போது கொஞ்சம் நகரும். கேங் ஆட்கள் தண்டவாளத்தை இழுத்து நேராக்குவார்கள். அதுவும் ஒரு வழக்கமான வேலையாகவே ஆகியிருந்தது. ஏப்ரல் நடுவில் தண்டவாளம் நேராக்க நேராக்க வளைந்தது. சாலை கண்ணெதிரே மேலெழும்பியது. பள்ளத்தாக்கின் குறுக்கே மண் அணை எழும்பி, கடைசியில் அறுபது மீட்டருக்கு மேல் உயர்ந்து நின்றுவிட்டது. ஆறு வழக்கம்போல வந்துகொண்டிருந்தது, போக வழியில்லை. தண்ணீர் பின்னால் ஏறி ஊருக்குள் வந்தது. மக்கள் கிடைத்ததை அள்ளிக்கொண்டு மேட்டில் ஏறி நின்று, தங்கள் வீடுகள் மிதப்பதைப் பார்த்தார்கள். கடைசியில் சுமார் ஐம்பது மீட்டர் ஆழத்தில் ஏரி. யூட்டா மாநிலத்துக்கென்று அமெரிக்க ஜனாதிபதி பேரிடர் அறிவித்தது அதுதான் முதல் முறை.

சாவு இல்லாததாலோ என்னவோ, அமெரிக்கர்கள் திசிலை ஓர் எஞ்சினியரிங் சம்பவமாகவே ஞாபகம் வைத்திருக்கிறார்கள். வண்டிகள் வயோமிங் வழியாக வேறொரு கம்பெனியின் பாதையில் சுற்றிப்போயின. அந்தச் சுற்றுக்கு ஒவ்வொரு நாளும் பணம் கரைந்தது. அமெரிக்காவில் தனியார் கம்பெனி நடத்திய கடைசி நெடுந்தூரப் பயணி ரயிலான ரியோ கிராண்ட் செஃபைர் அந்த ஏப்ரலில் நின்றுபோனது. அரசுக் கம்பெனியான ஆம்ட்ராக் கலிஃபோர்னியா செஃபைரை இந்தப் பாதைக்கு மாற்றுவதாக இருந்தது; சரிவால் அது ஜூலைக்குத் தள்ளிப்போனது. சுரங்கம் அவ்வளவு வேகமாக ஏன் வெட்டப்பட்டது என்பதற்கு வேறு காரணம் தேடவேண்டியதில்லை. பாதைக்கு அந்தப் பக்கம் டென்வர், இந்தப் பக்கம் சால்ட் லேக் சிட்டி. நடுவில் அடைபட்டால் இரண்டு பக்கமும் நஷ்டம்.

அதே சரிவில் மேரிஸ்வேல் கிளைப்பாதையும் அறுந்தது. அதைக் கம்பெனி திரும்பப் போடவே இல்லை. அதன் கடைசியில் பெரிய நகரம் எதுவும் இல்லை, விவசாயச் சிற்றூர்கள்தான். அவை ரயிலை இழந்தன. அங்கிருந்த நிலக்கரி லாரியில் ஏறியது. கம்பெனிக்கு மனசாட்சி இல்லை என்று திட்டலாம். எனக்கென்னவோ அவர்கள் ஒளிவுமறைவு இல்லாமல் கணக்குப் பார்த்தார்கள் என்றுதான் படுகிறது. மேலே எங்கேயாவது போகிற பாதைக்கு உயிர் உண்டு. முட்டி நிற்கிற பாதைக்கு இல்லை.

இந்தக் கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு பாம்பனுக்குத் திரும்பினால் ஒரு விநோதம் தெரியும். யூட்டாவில் பிரதான பாதை பிழைத்தது, கிளை செத்தது. ராமேசுவரம் தீவில் கிளை பிழைத்தது, பிரதான பாதை செத்தது. பார்த்தால் நேரெதிர். ஆனால் உள்ளே ஓடுவது ஒரே கணக்கு. தனுஷ்கோடிப் பாதை பிரதான பாதையாக இருந்தது, கடலுக்கு அப்பால் கொழும்பு இருந்தவரை. கொழும்புக்கான கூட்டம் சட்டத்தால் வற்றிக்கொண்டிருந்தபோது, 24 கிலோமீட்டர் மணலில், பாதி கடலுக்குள் போன பாதையை யாருக்காகத் திரும்பப் போடுவது? ராமேசுவரத்தில் கோயில் இருந்தது. காசியிலிருந்தும் ஆள் வரும். எந்த விசாவும் அதைத் தடுக்காது. கப்பலை ராமேசுவரத்துக்கே மாற்றிக்கொண்டார்கள். மதராஸ் அரசு தனுஷ்கோடியை வாழத் தகுதியற்ற இடம் என்று அறிவித்தது. ராமேசுவரம்–தலைமன்னார் கப்பலும் 1980களில் உள்நாட்டுப் போரோடு நின்றது. அந்தக் கோணத்தில் பார்த்தால், புயலே வராமலிருந்தாலும் தனுஷ்கோடி ரயில் நிலையத்துக்கு இன்னும் இருபது ஆண்டு ஆயுள் இருந்திருக்கும் என்பதே அதிகம். இது என் ஊகம்தான். ஆனால் தலைமன்னாரைப் பாருங்கள். அந்தப் புயல் நம் முனையைப் போல அதைத் துடைத்துப் போடவில்லை. இருந்தும் போரில் பாதை அழிந்து, 2015இல்தான் அங்கே மறுபடி ரயில் வந்தது. வந்த ரயில் கரையோடு நிற்கிறது. அதற்கு எதிரே காத்திருக்கும் கப்பல் இல்லை.

எஞ்சியிருப்பதில் இரண்டு ஊரும் ஒன்றுபோல இல்லை. திசிலில் ஏரியை வடித்துவிட்டார்கள். மண் மேடு அணையாக நிலைக்குமா என்று ஆராய்ந்து, நம்ப முடியாது என்று முடிவு செய்தார்கள். வண்டல் படிந்த பள்ளத்தில் ஒன்றிரண்டு வீடுகள் கூரைவரை புதைந்து நிற்கின்றன. பள்ளிக்கூடச் சுவர் நிற்கிறது. மனிதர் யாரும் இல்லை. கலிஃபோர்னியா செஃபைர் இன்றும் அந்தச் சுரங்கத்துக்குள் புகுந்துதான் போகிறது. திசிலில் நிற்பதில்லை; நிற்கவேண்டிய காரணம் டீசலோடு போயிற்று.

தனுஷ்கோடியில் மாதா கோயிலின் பவளக்கல் சுவர், ரயில் நிலையத்தின் இடிபாடு, தண்ணீர்த்தொட்டி, தபால் ஆபீஸ் என்று அடையாளம் காட்டுவதற்கு நிறைய இருக்கிறது. 2017 ஜூலையில் முகுந்தராயர் சத்திரத்திலிருந்து அரிச்சல்முனை வரை ஒன்பதரைக் கிலோமீட்டர் சாலை திறந்தார்கள். அதற்கு முன் வேன்கள் அலைநுனியில் சேற்றில் தட்டுத்தடுமாறிப் போகும். இப்போது பஸ்ஸே போகிறது. விடுமுறை நாளில் கூட்டம் அள்ளுகிறது. பேய் ஊர் பார்க்கப் போகிறோம் என்று யூடியூப்காரர்கள் கேமராவைத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். அவர்களுக்கு வறுத்த மீனும் சங்கும் சிப்பியும் விற்பவர்கள் யார் என்று திரும்பிப் பார்த்தாலே தெரியும், அது ஆளில்லாத ஊர் அல்ல. பாலம், கம்பிப்பாடு என்ற குடியிருப்புகளில் மீனவக் குடும்பங்கள் இருக்கின்றன. புயல் ஓய்ந்தபின் திரும்பி வந்தவர்கள், அவர்கள் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள். மணலில் ஆளுயரம்கூடத் தோண்டாமல் நல்ல தண்ணீர் ஊறுகிறது. உப்புக் கடல் இரண்டு பக்கமும் இருக்க நடுவில் இது எப்படி என்று வெளியூர்க்காரர்கள் வாய்பிளப்பார்கள். விழும் மழை மணலுக்குள் இறங்கி, கனமான உப்புத்தண்ணீர்மேல் மெல்லிய படலமாக மிதக்கிறது. ஆழமாகத் தோண்டினால் உப்புத்தான். கரைவலை இழுக்கிறார்கள். நாட்டுப்படகும் வத்தையும் கரையில் கிடக்கின்றன. ரயில் வருவதற்கு முன்னால் அந்த முனை எதை வைத்துப் பிழைத்ததோ அதை வைத்தே இன்றும் பிழைக்கிறது. திசில் முழுக்கக் காலியானதும் தனுஷ்கோடி முழுக்கக் காலியாகாததும் இதனால்தான். வாழத் தகுதியற்றது என்ற அறிவிப்பு, சம்பளத்துக்கு வந்தவர்களைத்தான் காலி செய்தது. கடலை நம்பியிருந்தவர்களுக்கு வேறு எங்கே போய் என்ன செய்வது?

2019 மார்ச்சில் ராமேசுவரத்திலிருந்து தனுஷ்கோடிக்கு 17 கிலோமீட்டர் புதிய ரயில் பாதை போட அடிக்கல் நாட்டினார்கள். மதிப்பு 208 கோடி ரூபாய். சுற்றுச்சூழலைக் காரணம் காட்டி மாநில அரசு இணங்கவில்லை, வேலை நகரவில்லை. 2025 ஏப்ரலில் புதிய பாம்பன் பாலம் திறந்தபிறகு அந்தப் பேச்சு அவ்வப்போது மறுபடி தலைகாட்டுகிறது. போட் மெயிலைத் திரும்ப ஓட்டுவது போன்ற உணர்ச்சியோடு பேசுகிறார்கள். கப்பல் இல்லாத முனைக்குப் போகிற ரயில் சுற்றுலா ரயில்தான். காலையில் கூட்டத்தைக் கொண்டுபோய் மாலையில் திருப்பிக்கொண்டு வரும். வரட்டும், வேண்டாம் என்று சொல்ல நான் யார். ஆனால் 1914இல் ரயில் வந்ததும் 1964இல் போனதும் பாலத்திலும் கம்பிப்பாட்டிலும் வாழ்ந்தவர்களைக் கேட்டு நடக்கவில்லை. அவர்கள் இத்தனை வருஷமாகக் கேட்டுக்கொண்டிருப்பது வீட்டுக்குக் கரண்டும் குடியிருக்கிற மண்ணுக்குப் பட்டாவும்.